அப்பாவின் பட்டயமும் அகஸ்டஸின் கஜானாவும்

நவம்பர் மாதம் வந்தால் என் கட்டைவிரல் ரேகை காணாமல் போய்விடும். மற்ற பதினொரு மாதமும் அது இருக்கிறதா இல்லையா என்று ஒருவரும் கேட்பதில்லை. நவம்பரில் மட்டும் நான் உயிரோடுதான் இருக்கிறேன் என்று பாலக்காடு மாவட்டத்துக் கொழிஞ்சாம்பாறையில் இருக்கும் வங்கிக்குப் போய் நிரூபித்தாக வேண்டும். இல்லையென்றால் பென்ஷன் நின்றுவிடும். இருபத்துநான்கு வருடம் துப்பாக்கி பிடித்த விரல். அதற்குப் பிறகு இருபது வருடத்துக்கும் மேலாக மண்வெட்டி பிடித்த விரல். சின்னக் கண்ணாடியின் மேல் வைத்து அழுத்தினால் சிவப்பு விளக்குதான் எரிகிறது. கையைக் கழுவிவிட்டு வரும்படி அங்கிருந்த பெண் மலையாளத்தில் சொன்னாள். மூன்று முறை கழுவினேன். அந்தக் கருவியைப் பொறுத்தவரை நான் செத்துப் போனவன்.

துணைக்கு வந்திருந்த பேத்தி, மகளின் மகள், பெஞ்சில் உட்கார்ந்து பாடப் புத்தகத்தைப் புரட்டிக்கொண்டிருந்தாள். பிளஸ் ஒன் படிக்கிறாள். ரோமப் பேரரசு அவளுக்கு ஒரு பாடம். அந்தப் பேரரசின் அரசியல் மேடையில் மூன்று பேர் இருந்தார்கள், பேரரசர், பிரபுக்கள், படை என்று அதில் போட்டிருக்கிறதாம்.

"அப்புச்சி, நீங்கள் பட்டாளத்தில்தானே இருந்தீர்கள்? சம்பளத்துக்கு வேலை பார்க்கிற படை எப்படி அரசியலில் மூன்றாவது ஆளாக வந்தது? ஐந்து மதிப்பெண் கேள்வி."

ஐந்து மதிப்பெண்ணுக்கு எவ்வளவு சொல்ல வேண்டுமோ அவ்வளவை பஸ்ஸிலேயே சொல்லிவிட்டேன். மிச்சம் மனதுக்குள் ஓடிக்கொண்டே இருக்கிறது, அதனால் இங்கே எழுதுகிறேன். ரோம் என் பழைய பைத்தியம். பனிக்காலத்தில் மலைமேல் ஒரு போஸ்ட்டில் நான்கு மாதம் அடைபட்டுக் கிடந்தபோது, அட்டை கிழிந்த ஒரு ரோம வரலாறு கையில் கிடைத்தது. வேறு புத்தகம் இல்லாததால் அதையே நான்கு முறை படித்தேன். அன்றிலிருந்து தொடங்கியது.

முதலில் ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். ஆரம்பகால ரோமில் படையும் வாக்காளர் பட்டியலும் ஒன்றுதான். வாளும் கேடயமும் தலைக்கவசமும் அவரவர் காசில் வாங்க வேண்டும். வாங்க வசதி உள்ளவனுக்குத்தான் படையில் இடம். படையில் எந்த வரிசையில் நிற்கிறானோ அந்த வரிசையில்தான் அவனுடைய ஓட்டும். கான்சல்கள் என்ற தலைமை ஆட்சியாளர்களைத் தேர்ந்தெடுத்த மக்கள் சபையில் 193 பிரிவுகள் இருந்தன. பிரிவுக்கு ஓர் ஓட்டு. குதிரைப்படைக்குப் பதினெட்டு, முதல் வகுப்புப் பணக்காரர்களுக்கு எண்பது. கூட்டினால் தொண்ணூற்றெட்டு, அதுவே பெரும்பான்மை. சொத்தே இல்லாத ஏழைகள் எத்தனை ஆயிரம் பேர் இருந்தாலும் அத்தனை பேரும் சேர்ந்து ஒரே பிரிவு, ஒரே ஓட்டு. அவர்கள் முறை வருவதற்குள் முடிவு தெரிந்து வாக்கெடுப்பையே நிறுத்திவிடுவார்கள்.

சபை கூடியதும் ஊருக்கு வெளியே, போர்த் தெய்வமான மார்ஸின் திடலில். படையாகத் திரண்டவர்கள் நகரத்தின் புனித எல்லைக்குள் வரக்கூடாது என்பது விதி. ஆற்றுக்கு அக்கரையில் இருந்த குன்றில் ஒரு செங்கொடி பறக்கும். எதிரி வந்தால் கொடி இறங்கும், கொடி இறங்கினால் சபை கலைந்தது. எங்கள் சித்தூர் தாலுக்காவில் செங்கொடி ஏறுவதற்கும் இறங்குவதற்கும் வேறு கணக்கு. அதற்குள் போக வேண்டாம்.

உழுகிறவனே போருக்கும் போவான், அறுவடைக்குத் திரும்பிவிடுவான். பக்கத்து ஊரோடு சண்டை என்றால் இந்த ஏற்பாடு சரிதான். வட ஆப்பிரிக்காவின் கார்த்தேஜோடு, ஸ்பெயினில், கிரேக்கத்தில் என்று போர்கள் தூரமாகிவிட்டபோது போனவன் ஆறேழு வருடம் திரும்பவில்லை. அதற்குள் நிலம் என்ன ஆகும் என்று எனக்குப் புத்தகம் பார்த்துத் தெரிய வேண்டியதில்லை. அப்பா வடக்கே இருந்த வருடங்களில் எங்கள் நிலக்கடலைக் காடு வாரத்துக்குப் போனது. அவர் லீவில் வரும்போதெல்லாம் வரப்பு ஒரு முழம் உள்ளே தள்ளி இருக்கும். வரப்புக்குக் கால் முளைத்திருக்கிறது என்று ஆத்தா சொல்வாளாம். ரோமில் வரப்பை நகர்த்தியவர்கள் செனட் என்ற ஆட்சி மன்றத்தில் உட்கார்ந்திருந்த பிரபுக்கள். போரில் பிடித்துவந்த அடிமைகளை வைத்து, பொது நிலத்தையும் சேர்த்து வளைத்துப் பெரும்பண்ணைகள் ஆக்கினார்கள். நாட்டுக்குப் பூமி சேர்த்துக் கொடுத்தவன் ஊர் திரும்பியபோது அவனுக்குச் சொந்தமாகக் காலடி மண்கூட இல்லை.

கி.மு. 133-இல் திபேரியஸ் கிராக்கஸ் இதைத்தான் கேட்டார். மக்களின் சார்பாகப் பேசும் டிரிப்யூன் பதவியில் இருந்தவர். பொது நிலத்தில் ஒருவர் 500 யூகெராவுக்கு மேல் வைத்திருக்கக் கூடாது, மிஞ்சியதை நிலமற்றவர்களுக்குப் பிரித்துக் கொடுக்க வேண்டும் என்று சட்டம் கொண்டுவந்தார். நம் கணக்கில் ஏறத்தாழ 310 ஏக்கர். கேரளத்தில் 1970-இல் நடைமுறைக்கு வந்த நில உச்சவரம்பைப் பார்த்து வளர்ந்த எங்களுக்கு இது தாராளமோ தாராளம். பிரபுக்களுக்கு அதுவே தாங்கவில்லை. செனட்டர்களும் அவர்களது ஆட்களும் உடைந்த பெஞ்சுக் கால்களாலும் தடிகளாலும் அடித்தே அவரைக் கொன்றார்கள். கூட இருந்தவர்களில் முந்நூறு பேருக்கு மேல் செத்தார்கள். உடல்களை டைபர் ஆற்றில் வீசினார்கள். பன்னிரண்டு வருடம் கழித்து அவர் தம்பி காயஸுக்கும் அதே கதிதான். சிப்பாயின் உடுப்புக்குச் சம்பளத்தில் பிடிக்கக் கூடாது, பதினேழு வயதுக்குக் கீழே உள்ளவர்களைச் சேர்க்கக் கூடாது என்று சட்டம் போட்ட மனிதர் அந்தத் தம்பி. அண்ணனைவிட எனக்கு அவரை அதிகம் பிடிக்கும்.

கி.மு. 107-இல் மாரியஸ் என்ற தளபதி வந்தார். ஆப்பிரிக்காவில் யுகுர்த்தா என்ற அரசனோடு போர், ஆள் பற்றாக்குறை. சொத்து இருந்தால்தான் சிப்பாய் என்ற விதியை அவர் ஒதுக்கி வைத்துவிட்டு, கணக்கெடுப்பில் தலையை மட்டும் எண்ணி எழுதுவார்களே, அந்த ஏழைகளையும் விருப்பப்பட்டால் வரலாம் என்று சேர்த்துக்கொண்டார். மாரியஸ் ஒரே நாளில் ரோமப் படையைத் தலைகீழாக மாற்றினார் என்று பழைய புத்தகங்கள் எழுதும். இப்போதைய ஆய்வாளர்கள் அதை அப்படியே ஒப்புக்கொள்வதில்லை. சொத்து வரம்பு அதற்கு முன்பே இறங்கிக்கொண்டு வந்தது, மாற்றம் மெல்ல மெல்ல நடந்தது என்கிறார்கள். எப்படியானாலும், வீட்டில் ஒன்றும் இல்லாதவன் படைக்கு வரத் தொடங்கினான்.

நானும் அப்படி வந்தவன்தான். 1979-இல் ஆள் எடுக்கிறார்கள் என்று கேள்விப்பட்டு ஊரிலிருந்து ஏழு பேர் போனோம். ஒரு மைல் ஓட்டம், மார்பளவு, பல் சோதனை. பாரத மாதா மேல் பக்தி எங்களுக்கு இருந்தது, இல்லை என்று சொல்லவில்லை. அந்த வருடம் கிணறு வற்றியிருந்தது, அதுவும் உண்மை. வெலிங்டனில் பயிற்சி முடிந்து முதல் மணியார்டர் வீட்டுக்குப் போனபோதுதான் பால்காரர் பாக்கி தீர்ந்தது.

வீட்டில் ஒன்றும் இல்லாதவன் படைக்கு வந்தால், வேலை முடிந்து அவன் எங்கே போவான்? மொத்த ரோமக் குடியரசும் இந்தக் கேள்வியில்தான் தடுக்கி விழுந்தது என்று நான் நினைக்கிறேன். செனட் அதற்குப் பதில் வைத்திருக்கவில்லை. சண்டை முடிந்தது, சந்தோஷம், போய்வா என்றது. பதில் தளபதிகளிடம் இருந்தது. மாரியஸின் ஆட்களுக்கு ஆப்பிரிக்காவில் தலைக்கு 100 யூகெரா கொடுக்க ஒரு டிரிப்யூன் சட்டம் போட்டார். கொடுக்க வைத்தது யார் என்று சிப்பாய்க்குத் தெரியாதா?

இங்கே அப்பா கதையைச் சொல்லியாக வேண்டும்.

அப்பா 1972-இல் பட்டாளத்திலிருந்து வந்தார். முன்னாள் ராணுவத்தினருக்கு நிலம் பதித்துக் கொடுக்கிறார்கள் என்று கேள்விப்பட்டு விண்ணப்பம் போட்டார். அதன்பின் ஒன்பது வருடம். எந்த அலுவலகம் என்று எழுதப் போவதில்லை, எழுதினாலும் அங்கே இப்போது இருப்பவர்கள் அன்று பிறந்திருக்கவே மாட்டார்கள். சர்வே ஆள் வரவில்லை, வந்தபோது சங்கிலி இல்லை, சங்கிலி இருந்தபோது கோப்பு இல்லை. பட்டாளத்தில் பழகிய பழக்கம், அப்பா ஒவ்வொரு முறையும் ஷூவுக்குப் பாலிஷ் போட்டுக்கொண்டுதான் போவார். பாலிஷ் டப்பாவுக்கே ஒரு ஏக்கர் வாங்கியிருக்கலாம் என்று அம்மா சொல்வாள்.

பத்தாவது வருடம் ஓர் அரசியல்காரர் வீட்டுக்கு வந்தார். எந்தக் கட்சி என்பது வேண்டாம். கதர் சட்டை. திண்ணையில் உட்கார்ந்து மோர் குடித்தார், காகிதங்களின் நகலை வாங்கிக்கொண்டு போனார். மூன்றே மாதத்தில் பட்டயம் வந்துவிட்டது. மலையடிவாரத்தில் ஒன்றரை ஏக்கர்.

அன்றிலிருந்து அப்பா அந்த மனிதரின் ஆள். தேர்தல் நாளில் விடியற்காலையிலேயே வண்டி கட்டி வயதானவர்களை ஏற்றிக்கொண்டு போவார். வேறு கட்சிக்கு ஓட்டுப் போட்டான் என்று சொந்தத் தம்பியோடு ஆறு வருடம் பேசவில்லை. அந்த அரசியல்காரர் பிற்பாடு கட்சி மாறினார், அப்பாவும் மாறினார். பட்டயத்தில் இருந்தது அரசாங்கத்தின் முத்திரை. சட்டம் போட்டது அரசாங்கம், நிலமும் அரசாங்கத்துடையது. ஆனால் அப்பா அரசாங்கத்துக்கு ஒருநாளும் நன்றி சொன்னதாக எனக்கு நினைவில்லை. அந்தக் கதர் சட்டைக்காரரின் படம் எங்கள் வீட்டுக் கூடத்தில் பழனி முருகனுக்கு அடுத்து மாட்டியிருந்தது.

லீவில் வந்த நான் அந்தப் படத்தைப் பார்த்த அன்றுதான் ரோமத் தளபதி சுல்லாவின் சிப்பாய்கள் எனக்குப் புரிந்தார்கள். அதுவரை, சொந்த நாட்டின் தலைநகரின் மேல் ஒரு படை எப்படித் திரும்பும் என்று எனக்கு விளங்கவே இல்லை.

கி.மு. 88. கிழக்கே மித்ரிதாதெஸ் என்ற அரசன் மீது போருக்குப் போகும் தளபதி பதவி சுல்லாவுக்கு இருந்தது. அரசியல் சூழ்ச்சி செய்து அதைக் கிழவர் மாரியஸுக்கு மாற்றினார்கள். படையை ஒப்படை என்று சொல்ல வந்த அதிகாரிகளைச் சிப்பாய்கள் கல்லால் அடித்துக் கொன்றார்கள். மாரியஸ் வந்தால் வேறு ஆட்களைக் கூட்டிப் போவார், கிழக்கின் கொள்ளைப் பொருள் நமக்குக் கிடைக்காது என்பது அவர்கள் பயம். சுல்லா ஆறு லீஜியன்களோடு, அதாவது ஆறு பெரிய படைப்பிரிவுகளோடு, ரோமை நோக்கி நடந்தார். ஒரே ஒருவரைத் தவிர அவருடைய உயர் அதிகாரிகள் எல்லோரும் விலகி ஓடிவிட்டார்கள். அதிகாரிகளுக்கு ஊரில் நிலம் இருந்தது, சிப்பாய்க்குச் சுல்லா இருந்தார். நானூறு வருடக் குடியரசில் ரோமப் படை ரோமுக்குள் படையாக நுழைந்தது அதுவே முதல் தடவை. சுல்லாவும் வாக்குத் தவறவில்லை, தன் ஆட்களுக்கு இத்தாலி முழுவதும் நிலம் கொடுத்தார். எரிமலையில் புதைந்த பாம்பேயி நகரம் இருக்கிறதே, அதிலும் கி.மு. 80-இல் அவருடைய பழைய சிப்பாய்கள் குடியேறினார்கள்.

அடுத்தது பாம்பேயுஸ் என்ற தளபதி. இவர் விஷயத்தில் செனட் செய்தது எங்கள் தாலுக்கா வேலையேதான். கி.மு. 62-இல் கிழக்கை வென்று திரும்பினார். எல்லோரும் பயந்தபடி ரோமின் மேல் படை எடுக்காமல், கரை இறங்கியதும் ஆட்களை நல்ல பிள்ளையாக வீட்டுக்கு அனுப்பிவிட்டார். என் ஆட்களுக்கு நிலம் வேண்டும் என்று மட்டும் கேட்டார். செனட் இழுத்தது. ஒரு வருடம், இரண்டு வருடம். சங்கிலி இல்லை, கோப்பு இல்லை. கடைசியில் அவர் ஜூலியஸ் சீசரோடு கை கோத்தார். கி.மு. 59-இல் சீசர் கான்சலாகி அந்த நிலச் சட்டத்தை நிறைவேற்றிக் கொடுத்தார். அதற்குக் கைம்மாறாகத்தான் சீசருக்கு இன்றைய பிரான்ஸ் பக்கத்து 'கால்' என்ற நாடும் படையும் கிடைத்தன. பத்து வருடம் கழித்து, கி.மு. 49 ஜனவரியில், அந்தப் படையோடு சீசர் இத்தாலியின் எல்லையான ரூபிகான் ஓடையைத் தாண்டி ரோமின் மேல் வந்தார். அந்த நிலக் கோப்பில் மட்டும் நேரத்தோடு கையெழுத்து விழுந்திருந்தால் என்று எனக்கு ஓர் எண்ணம் வரும். வரலாறு அவ்வளவு எளிதில்லை என்று பேராசிரியர்கள் சொல்வார்கள். அவர்கள் ஒன்பது வருடம் ஷூவுக்குப் பாலிஷ் போட்டதில்லை.

சிப்பாய்க்குக் கொடுத்த நிலம் வானத்திலிருந்து விழவில்லை. சீசரைக் கொன்றவர்களோடு போருக்குப் போகும் முன்பே, கி.மு. 43-இல், படைக்காக இத்தாலியில் பதினெட்டு ஊர்களைக் குறித்து வைத்தார்கள்; மறு வருடம் வென்ற பிறகு நிலத்தைப் பிடுங்கத் தொடங்கினார்கள். அங்கே தலைமுறையாக உழுதுகொண்டிருந்தவர்கள் குழந்தை குட்டிகளோடு ரோமுக்கு வந்து கோவில்களிலும் சந்தைத் திடல்களிலும் நின்று அழுதார்கள். நாங்கள் என்ன குற்றம் செய்தோம் என்று கேட்டார்கள். அவர்கள் செய்த ஒரே குற்றம், நல்ல மண்ணில் குடியிருந்தது. அப்பாவின் ஒன்றரை ஏக்கரிலும் அதற்கு முன் ஒருவர் ஆடு மேய்த்துக்கொண்டிருந்தார். காகிதத்தில் அவர் பெயர் எங்கும் கிடையாது. அப்பா கம்பி வேலி போட்ட நாளிலிருந்து சாகும்வரை அவர் எங்கள் வீட்டு வாசலை மிதிக்கவில்லை. அப்பா இதைப் பற்றிப் பேசியதே இல்லை.

இந்தச் சுழலை நிறுத்தியது ரோமின் முதல் பேரரசர் அகஸ்டஸ். அவரும் அதே பதினெட்டு ஊர்களைப் பிடுங்கிப் பெரிய ஆளானவர்தான். திருடனுக்குத்தான் பூட்டின் அருமை தெரியும். எதிரிகள் எல்லோரையும் முடித்தபோது அவர் கையில் ஏறத்தாழ அறுபது லீஜியன்கள் இருந்தன. இருபத்தெட்டாகக் குறைத்தார். தன் சாதனைகளைக் கல்லில் வெட்டச் சொன்ன கணக்கில், தனக்கு உறுதிமொழி எடுத்த சுமார் ஐந்து லட்சம் குடிமக்களில் மூன்று லட்சத்துக்கும் மேற்பட்டவர்களைக் குடியேற்றியோ ஊருக்கு அனுப்பியோ வைத்ததாகச் சொல்கிறார். இந்த முறை நிலத்தைப் பிடுங்காமல் விலை கொடுத்து வாங்கினார். செஸ்டர்ஸ் என்பது அன்றைய ரோமக் காசு; இத்தாலியில் மட்டும் 60 கோடி செஸ்டர்ஸ், மாகாணங்களில் 26 கோடி. அதையும் பெருமையாகக் கல்லில் எழுதி வைத்தார்.

அதைவிடப் பெரிய வேலை கி.பி. 6-இல் நடந்தது. படைக்கென்று தனிக் கஜானா ஒன்றைத் தொடங்கினார். தன் கையிலிருந்து 17 கோடி செஸ்டர்ஸ் போட்டார். அதன்பின் பணம் வருவதற்கு இரண்டு வரி. நெருங்கிய சொந்தம் அல்லாதவர்களுக்குப் போகும் பரம்பரைச் சொத்தில் நூற்றுக்கு ஐந்து, ஏல விற்பனையில் நூற்றுக்கு ஒன்று. இருபது வருடம் வேலை பார்த்த லீஜியன் சிப்பாய்க்கு 12,000 செஸ்டர்ஸ் கையில் கிடைக்கும். அன்றைய சம்பளத்தில் பதின்மூன்று வருடத்துக்கு மேல் வரும். இனித் தளபதியின் முகத்தைப் பார்த்து நிற்க வேண்டாம். உலகத்தில் சிப்பாய்க்குக் கிடைத்த முதல் முறையான ஓய்வுக்கால ஏற்பாடுகளில் இது ஒன்று.

பணக்காரர்கள் குதித்தார்கள். வரி பிடிக்கவில்லையா, வேறு வழி இருந்தால் எழுதிக் கொடுங்கள் என்று அகஸ்டஸ் செனட்டைக் கேட்டார். அப்போதும் முணுமுணுப்பு ஓயவில்லை. உடனே நிலங்களையும் வீடுகளையும் அளந்து மதிப்புப் போட ஆட்களை அனுப்பினார். நிலவரி வரப்போகிறது என்று பயந்து, பழைய ஐந்து சதவீதமே போதும் சாமி என்று அத்தனை பேரும் வாயை மூடிக்கொண்டார்கள். இந்த இடத்தைப் படிக்கும்போதெல்லாம் எனக்குச் சிரிப்பு வரும்.

சம்பளக் கணக்கு ஒன்றும் நமக்குக் கிடைத்திருக்கிறது. எகிப்தில் இருந்த ரோமச் சிப்பாய்களின் கணக்கு, பாப்பிரஸ் என்ற நாணல் தாளில் எழுதியது. வருடத்துக்கு மூன்று தவணைச் சம்பளம். ஒவ்வொரு தவணையிலும் பிடித்தம்: வைக்கோலுக்கு, சாப்பாட்டுக்கு, செருப்புக்கும் வாருக்கும், உடுப்புக்கு, அப்புறம் முகாமில் கொண்டாடும் சாட்டர்னேலியா திருவிழாவுக்கு. எங்கள் சம்பளத்திலும் படாகானாவுக்கு, அதாவது எல்லோரும் சேர்ந்து சாப்பிடும் விருந்துக்கு, பிடிப்பார்கள். சாப்பிட்டாலும் பிடிப்பார்கள், காவலில் நின்று சாப்பிடாமல் போனாலும் பிடிப்பார்கள். இரண்டாயிரம் வருடத்துக்கு முன் அந்தச் சிப்பாய் அந்த வரியைப் பார்த்து என்ன முனகியிருப்பான் என்று எனக்கு எழுத்துப் பிசகாமல் தெரியும். ரோமச் சிப்பாய்க்கு உப்புதான் சம்பளம் என்று வாட்ஸ்அப்பில் ஒரு செய்தி சுற்றுகிறது. ஊதியத்தைக் குறித்த லத்தீன் சொல் உப்பிலிருந்து வந்தது சரி. ஆனால் வாங்கியது காசு. அந்த ரசீதில் உப்பு மூட்டை கிடையாது.

கஜானா வைத்தும் கோளாறு தீரவில்லை. பணம் போதவில்லை என்றால் அரசாங்கங்கள் எப்போதும் செய்வதையே அகஸ்டஸும் செய்தார், விடுவிப்பதைத் தள்ளிப்போட்டார். கி.பி. 14-இல் அவர் இறந்த செய்தி வந்ததும் ரைன் ஆற்றங்கரையிலும் டான்யூப் பக்கத்துப் பன்னோனியா மாகாணத்திலும் படைகள் கிளர்ந்தன. முப்பது வருடம், நாற்பது வருடம் ஆயிற்று, இன்னும் கொடியின் கீழ் நிற்கிறோம், அப்புறம் வயல் என்ற பெயரில் சதுப்பையும் மலைச்சரிவையும் தருகிறார்கள் என்றார்கள். மலைச்சரிவு என்ற சொல்லைப் படித்ததும் எனக்கு எங்கள் ஒன்றரை ஏக்கர் கண்முன் வந்தது. பன்னோனியாவில் லூசிலியஸ் என்ற செஞ்சூரியனுக்கு (சிறு படைப்பிரிவின் தலைவர்) 'இன்னொன்று கொண்டுவா' என்றே பட்டப்பெயர். சிப்பாயின் முதுகில் திராட்சைக் கொடித் தடி உடைந்ததும் அடுத்த தடி கேட்பாராம். கிளர்ச்சியில் முதலில் கொல்லப்பட்டவர்களில் அவர் ஒருவர். எங்கள் பயிற்சி உஸ்தாத் ஒருவரை நினைத்துக்கொண்டேன். நாங்கள் அவரை ஒன்றும் செய்யவில்லை, பட்டப்பெயர் மட்டும் வைத்தோம்.

ரைன் கரையில் சமாதானம் பேச இளவரசர் ஜெர்மானிக்கஸ் வந்தார். கிழச் சிப்பாய்கள் முத்தமிடுவதுபோல அவர் கையைப் பிடித்து, அந்த விரல்களைத் தங்கள் வாய்க்குள் விட்டுக் காட்டினார்கள். உள்ளே பல் இல்லை, ஈறு மட்டும்.

பெஞ்சில் உட்கார்ந்து பேத்தியிடம் இதைச் சொன்னபோது அவள் முகத்தைச் சுளித்தாள். பக்கத்தில் உயிர்ச்சான்றுக்குக் காத்திருந்த பழைய சுபேதார் ஒருவர், "நல்ல யோசனை. இந்தக் கண்ணாடிக்குப் பதிலாக அதை வைக்கலாம்" என்றார்.

கேரள-தமிழ்நாடு எல்லையில் இருப்பவன் என்பதால் ரோமின் எல்லைப் படை எனக்கு இன்னும் நெருக்கம். பிரிட்டனில் ரோமின் வட எல்லையை ஒட்டிய விண்டோலாண்டா என்ற முகாமில் மெல்லிய மரப்பலகைக் கடிதங்கள் ஈரமண்ணில் அழுகாமல் கிடைத்திருக்கின்றன. அங்கே காவல் நின்றவர்கள் இன்றைய நெதர்லாந்து, பெல்ஜியம் பக்கத்து ஆட்கள். மெட்ராஸ் ரெஜிமென்ட் காஷ்மீரில் நிற்பதுபோல. ஒரு கடிதத்தில் காலுறையும் இரண்டு உள்ளாடைகளும் அனுப்பியிருக்கிறேன் என்று யாரோ எழுதுகிறார். இன்னொன்றில் ஓர் அதிகாரி, பையன்களுக்கு பீர் தீர்ந்துவிட்டது, அனுப்பி வையுங்கள் என்கிறார். வேலந்தாவளம் எல்லைச் சாவடி தாண்டி இந்தப் பக்கம் கள்ளுக்கடைக்கு வருகிறவர்களைத் தினமும் பார்க்கிற எனக்கு அந்தக் கடிதத்தில் எதுவும் விளக்க வேண்டியதில்லை.

அகஸ்டஸ் காலத்திலிருந்து சிப்பாய் சட்டப்படி திருமணம் செய்யக் கூடாது. செய்யாமல் இருப்பானா? முகாமுக்கு வெளியே தெருக்கள் முளைத்தன. கடை, குளியலறை, அவனோடு வாழ்ந்த உள்ளூர்ப் பெண், இரண்டு மொழியும் பேசும் பிள்ளைகள். ரோமக் குடிமகன் அல்லாத துணைப்படைச் சிப்பாய் இருபத்தைந்து வருடம் முடித்தால் குடியுரிமை. கூட வாழ்ந்தவளோடு திருமணம் சட்டப்படி செல்லும். அதற்குச் சாட்சியாக இரண்டு சின்ன வெண்கலத் தகடுகளைக் கம்பியால் கட்டி, ஏழு சாட்சிகளின் முத்திரையோடு கொடுத்தார்கள். என் டிஸ்சார்ஜ் புத்தகம் இருபது வருடத்திலேயே செல்லரித்துவிட்டது. அந்தத் தகடுகள் நூற்றுக்கணக்கில் இன்னும் கிடைத்துக்கொண்டிருக்கின்றன. ரைன் கரையிலும் டான்யூப் கரையிலும் இன்று பெரிய நகரங்களாக இருக்கும் பல ஊர்கள் இப்படிப் படை முகாமைச் சுற்றி வளர்ந்தவைதான்.

எங்கள் ஊருக்கும் அந்தச் சம்பளத்துக்கும் ஒரு தொடர்பு இருக்கிறது. பாலக்காட்டுக் கணவாய் வழியாகத்தான் மேற்குக் கரைச் சரக்கு கொங்கு நாட்டுக்குப் போனது. இந்த வழியெங்கும் ரோமக் காசு. கோயம்புத்தூர் வெள்ளலூரில் 1842-இல் ஒரே புதையலில் ஐந்நூறுக்கும் மேற்பட்ட வெள்ளிக் காசுகள் எடுத்தார்கள். கணவாய்க்கு இந்தப் பக்கம், திருச்சூர் மாவட்டத்து எய்யாலில் 1945-இல் ஒரு புதையல். தமிழ்நாட்டுப் புதையல்களில் நிறையக் கிடைக்கும் ஒரு காசின் முன்பக்கம் அகஸ்டஸ் தலை. பின்பக்கம் இரண்டு பையன்கள் கேடயமும் ஈட்டியும் வைத்துக்கொண்டு நிற்பார்கள். அவருடைய பேரன்கள் காயஸும் லூசியஸும், தத்தெடுத்து வாரிசாக அறிவித்தவர். அடுத்த எஜமான் இவர்கள்தான், முகத்தை நன்றாகப் பார்த்து வைத்துக்கொள் என்று சிப்பாய்க்குச் சொல்லும் சுவரொட்டி அது. ஒருவன் கி.பி. 2-இலும் மற்றவன் கி.பி. 4-இலும் இறந்துபோனார்கள். காசு மட்டும் மிளகுக்கும் மணிக்கும் கைமாறி எங்கள் பக்கம் வந்து சேர்ந்தது. ஒரு சிப்பாயின் ஆண்டுச் சம்பளம், நான்கு செஸ்டர்ஸ் பெறும் இந்த வெள்ளிக் காசில் 225. வெள்ளலூர்ப் பானையில் இருந்தது ஒருவனுடைய இரண்டு வருடச் சம்பளத்துக்கும் மேல்.

பிற்கால வெள்ளிக் காசு இங்கே அவ்வளவாகக் கிடைப்பதில்லை. நீரோ கி.பி. 64-இல் காசில் வெள்ளியைக் குறைத்தார். நம் வியாபாரிகள் உரசிப் பார்க்காமல் வாங்குகிறவர்களா?

அதற்குப் பிறகு நடந்தது இறக்கம்தான், வேகமாகச் சொல்லிவிடுகிறேன். கி.பி. 193-இல் பேரரசர் பெர்ட்டினாக்ஸைக் கொன்ற காவல்படை, பதவியைத் தன் முகாம் மதிலிலிருந்து ஏலம் விட்டது. தலைக்கு 25,000 செஸ்டர்ஸ் என்று ஏலம் எடுத்த திதியுஸ் யூலியானுஸ் அறுபத்தாறு நாள் ஆண்டார். எல்லைப் படையோடு வந்த செப்டிமியஸ் செவேரஸ் அந்தக் காவல்படையைக் கலைத்தார், சிப்பாய்க்குச் சம்பளத்தை உயர்த்தினார், திருமணத் தடையையும் நீக்கினார். ஒற்றுமையாக இருங்கள், சிப்பாய்களைக் கவனித்துக்கொள்ளுங்கள், மற்றவர்களைப் பொருட்படுத்தாதீர்கள் என்று சாகும்போது மகன்களிடம் சொன்னாராம். மூத்தவன் காரகல்லா அதே வருடம் தம்பியைக் கொன்றான். சிப்பாய்களை நன்றாகவே கவனித்தான். ஆறு வருடத்தில் ஒரு சிப்பாய்தான் அவனைக் குத்திக் கொன்றான். கி.பி. 235-இலிருந்து ஐம்பது வருடத்தில் இருபதுக்கும் மேற்பட்ட பேரரசர்கள் வந்து போனார்கள், பெரும்பாலும் படை தூக்கி வைத்தவர்கள், படை இறக்கியவர்கள். சம்பளம் ஏற ஏறக் காசில் வெள்ளி கரைந்தது. கடைசியில் செம்புக்கு மேல் பூச்சு மட்டும் மிஞ்சியது.

அப்பா இறந்த பிறகு கூடத்தைச் சுண்ணாம்பு அடிக்கும்போது அந்த அரசியல்காரரின் படத்தைக் கழற்றினோம். எறிய மனம் வரவில்லை. என் கறுப்பு இரும்புப் பெட்டியில் பட்டயத்தோடு சேர்த்து வைத்திருக்கிறேன்.

வங்கியில் அன்று வேலை நடக்கவே இல்லை. வீட்டுக்கு வந்து கட்டிலில் உட்கார்ந்தேன். முகத்தைக் காட்டியே உயிர்ச்சான்று எடுக்கலாம், அதற்கு ஒரு செயலி இருக்கிறது என்று பேத்தி போனை எடுத்தாள். வெளிச்சம் போதவில்லை என்று திண்ணைக்குக் கூட்டிப்போனாள், தலைப்பாகையை அவிழ்க்கச் சொன்னாள்.

"அப்புச்சி, கண்ணைச் சிமிட்டுங்கள்."

சிமிட்டினேன்.

"வாயைத் திறக்க வேண்டாமா, அம்மிணி? பல்லைப் பார்க்க மாட்டார்களா?"

"ஆடாமல் இருங்கள். இன்னொரு தடவை."